கண் வைக்கும் இடம்

பிப்ரவரி 6

தம்பிக்கு,

ஃபோனை வாசலிலேயே வாங்கி ஒரு துணிப்பையில் போட்டுப் பூட்டிவிட்டார்கள். பேச்சுவார்த்தை முடியும்வரை யாருக்கும் ஃபோன் கிடையாது. அதிபருக்கு இல்லை, பிரதமருக்கு இல்லை, எனக்கும் இல்லை. இந்த ஒரு விஷயத்தில் மூவரும் சமம். ஆகவே கடிதம். நான் படம் பிடித்த கார்டுகள் உன் எடிட்டிங் அறைக்கு வரும் பூட்டுப் பெட்டியிலேயே இதையும் வைக்கிறேன். சாவி உன்னிடமும் என்னிடமும்தான் இருக்கிறது. பதிலையும் அதிலேயே போடு.

இடம்: ஏரிக்கரையில் மூடிக்கிடந்த ஹோட்டல். கம்பளத்தில் பழைய ஈரத்தின் வாசனை. கூடத்தில் நீள மேசை. இரண்டு தலைவர்களும் ஒரே நொடியில் உள்ளே வர வேண்டும் என்பதற்காகச் சுவரை உடைத்து இரண்டாவது கதவு வைத்திருக்கிறார்கள். பூச்சு இன்னும் காயவில்லை. தண்ணீர் பாட்டில்களில் லேபிளைக் கிழித்துவிட்டார்கள். எந்த நாட்டுத் தண்ணீர் என்று பேச்சு வந்துவிடக் கூடாதாம்.

பேசப்போவது ஒரு பாலத்தைப் பற்றி. இரண்டு நாட்டுக்கும் நடுவில் இருப்பது. நமக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து மூடிக்கிடக்கிறது.

உள்ளே ஒரே ஒரு கேமரா. இரு தரப்பும் ஒப்புக்கொண்ட ஒரே ஆள் நான். பெருமைப்படாதே. இருபது வருஷம் தலைவர்கள் பின்னால் அலைந்ததில் இரண்டு பேருக்குமே என்னைச் சமமாகப் பிடிக்காமல் போயிருக்கிறது. அதுதான் என் தகுதி.

முதல் நாள் யாரும் எதையும் சோதிக்கவில்லை. இன்று காலையிலிருந்து வாசலில் கெடுபிடி. பெரிய மீசை வைத்த காவலர் ஒருவர் கேமராவை வாங்கிக் கண்ணில் வைத்து ரொம்ப நேரம் பார்த்தார். உள்ளே குண்டு இருந்தால் கண்ணுக்குத் தெரியுமா என்று கேட்க வாய் வந்தது. கேட்கவில்லை.

மாத்திரையை அம்மா நேரத்துக்குப் போட்டுக்கொள்கிறாளா?

அக்கா


பிப்ரவரி 8

அக்கா,

போடுகிறாள். போட்டுவிட்டு, போட்டேனா என்று என்னைக் கேட்கிறாள். உன் பிரதமர் அம்மா தலைக்குச் சாயம் அடிக்கிறாளா என்று உன்னிடம் கேட்கச் சொன்னாள். நாட்டுக்கு முக்கியமான தகவல். மறக்காதே.

இங்கே எனக்குத் துணைக்கு இரண்டு பேர். ஒப்பந்தப்படி தரப்புக்கு ஒரு அதிகாரி. ஒருவர் ஒல்லி, இன்னொருவர் கட்டை. நம் கிழிந்த சோபாவில் இருவரும் உட்கார்ந்து நான் ஓட்டுவதையெல்லாம் பார்க்கிறார்கள். நடுவில் ஒரு தலையணை. நான் வைக்கவில்லை, அவர்களே எல்லை போட்டுக்கொண்டார்கள். மேசைக்கு வெளியே தலைவர்கள் தங்களுக்குள் பேசுவது காதில் விழுந்தாலும், உதட்டசைவை வைத்துப் படிக்க முடிந்தாலும், அந்த ஷாட் போச்சு. யார் வேண்டாம் என்றாலும் வெட்ட வேண்டும்.

முதல் கார்டு அருமை. கார் கதவைத் திறக்குமுன் பெரியவர் கண்ணாடியில் தன் பல்லைப் பார்த்துக்கொள்கிறாரே, அதை எப்படிப் பிடித்தாய்? அதிபர் என்றாலும் பல் பல்தான்.

இரண்டாவது கார்டிலிருந்து, எப்படிச் சொல்வது, கொஞ்சம் மெத்தென்று, மங்கலாக இருக்கிறது. முகத்துக்குப் பதில் காது கிடைத்திருக்கிறது. பிரதமர் பேசுகிறார், பின்னால் இருக்கும் திரைச்சீலைதான் துல்லியமாக இருக்கிறது.

கட்டை கேட்டார், "என்னங்க தம்பி, எல்லாம் புகை மூட்டமா இருக்கு?"

"அக்காவோட ஸ்டைல் சார்."

ஒல்லி உடனே, "ஆமா, பெரிய பெரிய படத்துல எல்லாம் இப்படித்தான் எடுக்கறாங்க," என்றார். கட்டை தலையாட்டினார். இருவரும் ஒத்துப்போன முதல் விஷயம் இது. பேச்சுவார்த்தைக் குழுவுக்குச் சொல்லி அனுப்பலாம்.

நீ தூங்குகிறாயா?

தம்பி


பிப்ரவரி 10

தம்பிக்கு,

ஏரிப் பக்கம். லென்ஸில் ஈரம் படிகிறது. கேமராவும் பழசு. இதற்கு மேல் அதைப் பற்றி எழுதாதே.

சாயம்தான். காதோரம் வெள்ளை தெரிகிறது.

நேற்று ஒன்று நடந்தது. மதியம் பேச்சு முறிந்தது. பெரியவர் காகிதத்தைத் தள்ளிவிட்டு எழுந்தார். பிரதமரும் எழுந்தார். இரண்டு கதவு இருந்தும் கோபத்தில் இருவரும் ஒரே கதவு வழியாக வெளியேறினார்கள். ஆட்கள் பதறிப்போய் இன்னொரு கதவைச் சுற்றிக்கொண்டு ஓடினார்கள். நான் பின்னாலேயே போனேன். மாடிப்படி திரும்பும் இடத்தில் ஒரு ஜன்னல். பெரியவருக்கு முட்டி வலி. அங்கே நின்றுவிட்டார். பிரதமர் இரண்டு படி மேலே போனவர், திரும்பி இறங்கி வந்தார்.

ஏதோ கேட்டார். பெரியவர் முட்டியைக் காட்டினார். பிரதமர் தன் இடுப்பைக் காட்டினார். பிறகு நிறையப் பேசினார்கள். சிரித்தார்கள். ஆட்கள் வந்ததும் முகத்தைக் கோபமாக மாற்றிக்கொண்டு மேலே போனார்கள்.

சாயங்காலம் இருவரும் மறுபடி மேசைக்கு வந்தார்கள்.

எடுத்திருக்கிறேன். என்ன வந்திருக்கிறது என்று நீதான் சொல்ல வேண்டும்.

அக்கா


பிப்ரவரி 12

அக்கா,

என்ன வந்திருக்கிறது என்று நான் சொல்ல வேண்டுமா? கேமரா பிடித்தவள் நீ. வ்யூஃபைண்டரில் கண் வைத்துப் பார்த்தவள் நீ. இருபது வருஷத்தில் ஒருநாளாவது இப்படிக் கேட்டிருக்கிறாயா?

படியில் எடுத்தது முழுக்கக் கலங்கல். இரண்டு நிழல் சிரிக்கிறது. அவ்வளவுதான்.

ஈரம் என்றாய். ஈரமாக இருந்தால் எல்லாமே மங்கும். திரைச்சீலை மட்டும் துல்லியமாக இருக்காது. நான் எடிட்டர். எனக்குக் கதை சொல்லாதே.

கேட்டுவிடுகிறேன். அப்பாவுக்கு வந்தது உனக்கும் வந்திருக்கிறதா?

அவர் இரண்டு வருஷம் மறைத்தார். பார்வைச் சோதனைக்கு முந்தின நாள் கூடத்தில் நடந்துகொண்டே ஒப்பிப்பார். பலகையின் கடைசி வரி. ப, ட, ர, ம, ய. நீயும் நானும் அதை வைத்துக் கயிறு தாண்டுவோம். நமக்கு அது பாட்டு. அவருக்கு அது பஸ் ஓட்டும் வேலை. ஒவ்வொரு வருஷமும் பாஸ். கடைசியில் டெப்போ சுவரில் கொண்டு மோதினார். பஸ்ஸில் ஆள் இல்லாதது நம் நல்ல காலம். அதற்கப்புறம் ரேடியோ பக்கத்து நாற்காலி. அப்போதே டாக்டரிடம் போயிருந்தால் பாதிப் பார்வையாவது நின்றிருக்கும் என்று அம்மா இன்னும் சொல்கிறாள்.

இருபதாம் தேதி கையெழுத்து. ஒருமுறைதான் நடக்கும். அதைத் தவறவிட்டால் படமே இல்லை. வாசலுக்கு வெளியே அரசுத் தொலைக்காட்சிக்காரன் காத்திருக்கிறானே, அந்தக் கொட்டாவி, அவனிடம் கேமராவைக் கொடுத்துவிட்டு வந்துவிடு. நேரே டாக்டரிடம் போகலாம். படம் போனால் போகிறது.

நீ பேச்சுவார்த்தைக் குழுவின் செயலரிடம் சொல்லவில்லை என்றால் நான் சொல்வேன். சோபாவில் இரண்டு பேர் இருக்கிறார்கள். சத்தமாகச் சொன்னால் போதும்.

தம்பி


பிப்ரவரி 14

நீ சொல்லிப் பார்.

இருபது வருஷம். பதவியேற்பு, பதவி இறக்கம், ஆஸ்பத்திரி வராந்தா, தேர்தல் முடிவு வரும்போது குளியலறைக்குள் தாழ் போட்டுக்கொண்ட மந்திரி. யாரையும் இன்னொரு தடவை செய்யச் சொன்னதில்லை. நடந்தது நடந்தபடி. கேமராவின் பக்கவாட்டுத் திரையைக்கூட நான் திறந்து வைப்பதில்லை. அந்த வெளிச்சம் அவர்கள் கண்ணில் பட்டதும் நடிக்க ஆரம்பித்துவிடுவார்கள். என் கண் மட்டும்தான். அதை நம்பித்தான் என்னை உள்ளே விடுகிறார்கள்.

கொட்டாவி என்ன செய்வான் தெரியுமா? "சார், இன்னொரு தடவை கை குடுங்க சார், மேடம் இந்தப் பக்கம் பாருங்க." அவர்களும் கொடுப்பார்கள். அந்த இரண்டாவது கைகொடுப்பைத்தான் எல்லாரும் பார்ப்பார்கள்.

இதுவரை கோபத்தில் எழுதினேன். மீதியைக் காலையில் எழுதுகிறேன்.

ஆமாம்.

வ்யூஃபைண்டரில் எதுவும் சரியாகத் தெரியவில்லை. இரண்டாம் நாளிலிருந்து. ஃபோகஸைத் திருப்புகிறேன், திருப்புகிறேன், எங்கே நிறுத்துவது என்று தெரியவில்லை. சாயங்காலமானால் தலை பிளக்கிறது. வராந்தா கோடியில் ஒரு கடிகாரம் இருக்கிறது. இடது கண்ணை மூடிக்கொண்டு பார்த்தேன். முள் எது, நிழல் எது என்று புரியவில்லை. வலது கண்தான். அப்பாவுக்கும் வலது கண்ணில்தான் தொடங்கியது.

அம்மாவிடம் சொல்லாதே. பதினெட்டாம் தேதி செயலரிடம் நானே சொல்கிறேன். கொட்டாவிக்கு ஒருநாள் முன்னதாக இடம் பழக வேண்டும். அதுவரை என்னை விடு.

பெரியவர் இன்று என்னைப் பார்த்து, "என்னம்மா, நீதான் எங்களைவிட களைச்சுப்போன மாதிரி தெரியறே," என்றார். பக்கத்தில் பிரதமர் இருந்தார். "அவங்க நம்ம ரெண்டு பேரையும் தாங்கணும், நாம ஆளுக்கு ஒருத்தரைத்தானே," என்றார். முகம் தெரியவில்லை. குரலில் சிரிப்பு இருந்தது.

அக்கா


பிப்ரவரி 16

அக்கா அக்கா அக்கா,

செயலரிடம் எதுவும் சொல்லாதே. முதலில் இதைப் படி. உட்கார்ந்து படி. இல்லை, நின்றுகொண்டே படி, பரவாயில்லை.

உன் கடிதத்தில் ஒரு வரி என்னைத் தூங்கவிடவில்லை. இரண்டாம் நாளிலிருந்து என்று எழுதியிருக்கிறாய். அப்பாவுக்கு இரண்டு வருஷம் ஆனது. உனக்கு ஒரே ராத்திரியிலா? முதல் கார்டில் பெரியவரின் பல் இடுக்குவரை தெரிகிறது. மறுநாள் காலை காது. கண் அப்படியெல்லாம் பஸ் மாதிரி நேரம் பார்த்துக் கிளம்பிப் போகாது.

இரண்டாவது கார்டை மறுபடி எடுத்தேன். வாசலிலேயே கேமராவை ஓடவிட்டுவிடுவது உன் பழக்கம். நான் அந்தப் பகுதியைப் பார்ப்பதே இல்லை. தரை, கால், கூரை, யாரோ ஒருவரின் முழங்கை. இந்த முறை ஹெட்ஃபோன் போட்டுக்கொண்டு ஆரம்பத்திலிருந்து கேட்டேன்.

தூரத்தில் உன் குரல். பையைத் திறந்து காட்டுகிறாய் போல. "அது பேட்டரிங்க. அதுவும் பேட்டரிதான்." கிட்டத்தில் ஒரு ஆண் குரல், தனக்குத்தானே பேசிக்கொள்கிறது. அப்படியே எழுதுகிறேன்:

"என்ன இது, மங்கலா இருக்கு... இத திருகினா என்ன ஆகுது... ஆங். ஆங்! இப்பத்தான் அந்த மரம் தெரியுது. அடேயப்பா, எலைகூடத் தெரியுதே!"

கேட்டாயா? உன் மீசைக் காவலர் என்ன திருகினார்?

கண் வைக்கும் இடத்துக்குப் பக்கத்தில் இருக்கிற குட்டிச் சக்கரம், அக்கா. பார்க்கிறவர் பார்வைக்கு ஏற்றபடி திருப்பி வைப்பது. நீ வருஷக்கணக்காகத் தொடாதது. அசையாமல் இருக்கக் கருப்பு டேப் ஒட்டியிருந்தாய். அந்த டேப் போன கோடையிலேயே உரிந்து போனது. "மாத்தணும்டா, மாத்தணும்டா" என்று சொல்லிக்கொண்டே இருந்தாய். மறந்துவிட்டாய்.

லென்ஸுக்கு ஒன்றும் இல்லை. வாசலில் எடுபட்டிருக்கும் அந்த மரம் அவ்வளவு துல்லியம். அவர் தன் கண்ணுக்கு வைத்துக்கொண்ட சக்கரத்தில் நீ பத்து நாளாக உன் கண்ணை வைத்துப் பார்த்துக்கொண்டிருக்கிறாய். தலை பிளக்காமல் என்ன செய்யும்? நாள் முழுக்க அடுத்தவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு சாயங்காலம் கடிகாரத்தைப் பார்த்தால் கடிகாரமா தெரியும்?

சின்னப் பிள்ளைக்குக்கூட முதலில் இதுதான் தோன்றும். உனக்கும் எனக்கும் தோன்றவில்லை. நமக்கு மங்கல் என்றாலே அப்பாதான் முன்னால் வந்து நிற்கிறார்.

நான் தப்பாக இருக்கலாம். கையால் தொட்டுப் பார்த்துவிட்டு எழுது. உடனே. ஹெட்ஃபோனைக் கழற்றியபோது நான் சத்தமாகச் சிரித்திருக்கிறேன். கட்டை எழுந்து தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்.

தம்பி


பிப்ரவரி 18

திருப்பினேன்.

மூன்று சொடுக்கு.

ஜன்னல் கம்பியில் ஒரு சிலந்தி. அதன் காலில் தூசி.

கொஞ்ச நேரம் கேமராவைக் கீழே வைக்கவே இல்லை. தலைவர்கள் யாரும் இல்லை. காலி நாற்காலி, லேபிள் இல்லாத பாட்டில், புதுக் கதவின் பூச்சில் யாரோ பதித்துவிட்டுப் போன விரல் தடம். எல்லாவற்றையும் எடுத்திருக்கிறேன். வெட்டாதே. வெட்டினாலும் எனக்கு ஒரு பிரதி வை.

செயலரைப் பார்க்கப் போகவில்லை.

அழுதேன் என்று அம்மாவிடம் சொல்லாதே. அவளுக்கு எதுவும் தெரியாது இல்லையா?

அக்கா


பிப்ரவரி 20

தம்பிக்கு,

முடிந்தது. பாலம் திறக்கிறது. முதலில் நடப்பவர்களுக்கு, பிறகு வண்டிகளுக்கு.

கையெழுத்துப் போடும்போது பெரியவரின் பேனா எழுதவில்லை. அவருடைய ஆள் ஒருவர் சட்டைப் பையைத் தடவுகிறார். பிரதமர் தன் பேனாவை மேசையில் வைத்து விரலால் தள்ளிவிட்டார். அது உருண்டு போனது. மேசையின் நடுக்கோட்டைத் தாண்டியது. பெரியவர் எடுத்துப் போட்டார். திருப்பிக் கொடுக்கவில்லை, மறந்துபோய்ப் பையில் செருகிக்கொண்டார். பிரதமர் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். பேனாவிலிருந்து அவர் முகத்துக்கு ஃபோகஸை இழுத்தேன். கிடைத்தது. காதோர வெள்ளையோடு கிடைத்தது. அம்மாவுக்குக் காட்டு.

கை கொடுத்தார்கள். ஒரு தடவை.

காவலரைப் பற்றி. நேற்றுக் காலை வாசலில் கேட்டேன். "இந்தச் சக்கரத்தைத் திருப்பினீங்களா?" அவர் முகம் வெளுத்துவிட்டது. "தப்புங்களாம்மா? உள்ள ஏதாவது கெட்டுப்போச்சா?"

"கேமராவுக்கு ஒண்ணும் ஆகல. தினம் எதுக்கு அவ்ளோ நேரம் பாக்கறீங்க?"

தலையைக் குனிந்துகொண்டார். "அந்த மரம்மா. நான் இங்க வேலைக்கு வந்து ஏழெட்டு வருஷம் இருக்கும். அதுல பறவ இருக்குன்னு உங்க மிஷின்லதான் பார்த்தேன்."

கண்ணாடி போட்டால் காவலுக்கு வைத்துக்கொள்ள மாட்டார்கள் என்று யாரோ பயமுறுத்தி வைத்திருக்கிறார்கள். அவரும் சோதனைக்குப் போவதில்லை. எனக்கு அப்பா ஞாபகம் வந்தது. அவரிடம் போடாத சண்டை இவரிடம் வந்தது. சத்தம் போட்டேன். இன்றைக்கே பாதுகாப்பு அதிகாரியிடம் போய்ச் சொல்லுங்க, இல்லாவிட்டால் நான் சொல்வேன் என்றேன். உன் வசனம்தான். அதிகாரி பக்கத்திலேயே நின்றிருக்கிறார். "கண்ணாடி போட்டா என்னய்யா, பாதி மந்திரிங்க போட்டிருக்காங்க," என்றார். அவ்வளவுதான் விஷயம்.

இன்று கண்ணாடியோடு நின்றார். ஊரிலிருந்து மச்சானுடையதை வரவழைத்திருக்கிறார், தன்னுடையது தயாராகும்வரை. என்னை ஏற இறங்கப் பார்த்தார். "நீங்க சின்னப் பொண்ணுன்னு நெனச்சேம்மா."

நாளை ஃபோனைத் தருவார்கள்.

அக்கா


பிப்ரவரி 23

அக்கா,

நேற்று ஃபோனில் நீயும் அம்மாவும் மாற்றி மாற்றிப் பேசியதில் முக்கியமானதைச் சொல்ல முடியவில்லை. உங்கள் இருவர் நடுவிலும் ஒரு தலையணை வைக்க வேண்டும்.

கடைசி கார்டையும் அதிகாரிகள் பார்த்துவிட்டார்கள். பேனாவுக்கு ஒல்லி ஒப்புக்கொண்டார். கட்டை கொஞ்சம் தயங்கினார். "எங்க ஐயா பேனாவைத் திருடற மாதிரி இருக்கே." ஒல்லி சொன்னார், "வச்சுக்கட்டும் சார், எங்க மேடம்கிட்ட நிறைய இருக்கு." பேனா பிழைத்தது.

அப்புறம் படிக்கட்டு. ஓட்டினேன். இரண்டு நிழல், ஜன்னல் வெளிச்சம், ஒன்று முட்டியைக் காட்டுகிறது, இன்னொன்று இடுப்பைக் காட்டுகிறது. சிரிக்கின்றன. சத்தத்தில் ஏரிக்காற்று மட்டும். ஒல்லி எழுந்து திரைக்குக் கிட்டே போய்ப் பார்த்தார். கட்டையும் போனார். உதட்டைப் படிக்க உதடே இல்லை. விதிப்படி வெட்டக் காரணம் இல்லை. "இதுவும் ஸ்டைலா தம்பி?" என்றார் கட்டை. "ஆமா சார்." "இருந்துட்டுப் போகட்டும்," என்றார் ஒல்லி.

துல்லியமாக எடுத்திருந்தால் அன்றைக்கே போயிருக்கும். அங்கே என்ன பேசிக்கொண்டார்கள் என்று யாருக்கும் தெரியப்போவதில்லை. பேசினார்கள் என்று தெரியும். அந்த ஷாட்டில்தான் படத்தை முடிக்கப்போகிறேன். சண்டைக்கு வருவாய் என்று தெரியும். வா.

போகும்போது இருவரும் தலையணையை எடுத்து ஒழுங்காக ஓரத்தில் வைத்துவிட்டுப் போனார்கள்.

அம்மாவுக்கு எல்லாம் தெரியும். பன்னிரண்டாம் தேதியே என் மூஞ்சியைப் பார்த்துக் கண்டுபிடித்துவிட்டாள். நம் இருவரிடமும் தெரியாத மாதிரி இருந்திருக்கிறாள். சக்கரமோ சாக்கடையோ, டாக்டரிடம் காட்டாமல் வீட்டுக்குள் கால் வைக்காதே என்பது அவள் உத்தரவு. எனக்கும் சேர்த்து நேரம் வாங்கியிருக்கிறாள். எனக்கு எதற்கு? என் கண் நன்றாகத்தான் இருக்கிறது.

தம்பி


பிப்ரவரி 27

தம்பிக்கு,

ஃபோன் கையிலேயே இருக்கிறது. ஆனாலும் எழுதுகிறேன். ஃபோனில் நீ குறுக்கே பேசுவாய்.

முடிவு அப்படியே இருக்கட்டும். சண்டைக்கு வரவில்லை.

டாக்டரிடம் போய்விட்டு வந்தேன். இருட்டு அறை, எதிர்ச்சுவரில் விளக்கு எரியும் பலகை. அதே பலகை. மேலே பெரிய எழுத்து, கீழே வரவரச் சின்னது. இடது கண்ணை மூடச் சொன்னார். கடைசி வரிக்கு என் பார்வை போய்ச் சேருமுன்பே வாய் சொல்லத் தொடங்கிவிட்டது. ப, ட, ர.

நிறுத்திவிட்டேன்.

"என்னம்மா, தெரியலையா?"

"தெரியுது டாக்டர். ஆனா கண்ணுக்குத் தெரியுதா வாய்க்குத் தெரியுதான்னு தெரியல. இது எனக்கு மனப்பாடம். வேற பலகை இருக்கா?"

அவர், "இங்க தெரியாததைத் தெரியுதுன்னுதான் எல்லாரும் சொல்லுவாங்க," என்று சொல்லிவிட்டு எழுந்துபோய்ப் பலகையைத் திருப்பி மாட்டினார்.

மறுபக்கம் அறிமுகமில்லாத எழுத்துகள். மேலிருந்து ஒவ்வொரு வரியாக இறங்கினேன். வலது கண்ணால் மட்டும். எங்கேயும் நிற்கவில்லை. கடைசி வரியையும் சொல்லி முடித்தேன்.

கண்ணுக்குள் அழுத்தமும் பார்த்தார். அதுவும் சரியாக இருக்கிறதாம். படிக்க மட்டும் கண்ணாடி எழுதிக் கொடுத்திருக்கிறார். வயசாம். வருஷத்துக்கு ஒருமுறை வந்து காட்டச் சொன்னார். வருவேன் என்றேன்.

சக்கரத்துக்குப் புது டேப் ஒட்டிவிட்டேன்.

வியாழக்கிழமை உன் முறை. உன் கண் நன்றாகத்தான் இருக்கிறது என்கிறாய். லென்ஸில் ஈரம் என்று நானும்தான் எழுதிக்கொண்டிருந்தேன். வந்துவிடு, வாசலில் நிற்கிறேன். மறுபக்கத்துக் கடைசி வரி என்ன எழுத்து என்று இப்போதே கேட்பாய்.

சொல்ல மாட்டேன்.

அக்கா